வழக்கில் எழுதும் முதல் தொகை

வடசேரியில் அப்பா விட்டுப்போன வீடு. அதில் குடியிருக்கும் உறவினர் இப்போது “வீடு என்னுடையது” என்கிறார். மகன் நாகர்கோவில் கோர்ட்டுக்குப் புறப்படுகிறார். வக்கீலிடம் அவர் முதலில் கேட்பது இதைத்தான்: “சாரே, மதிப்பைக் கொஞ்சம் கொறச்சுப் போடுங்க. பீஸ் கம்மியா வரட்டும்.”

உரிமையும் சுவாதீனமும் கேட்கும் வழக்கில் சந்தை மதிப்பின்படி நீதிமன்றக் கட்டணம் கட்ட வேண்டும். தமிழ்நாட்டில் ஏழரை சதவீதமாக இருந்த கட்டணம் 2017-ல் மூன்று சதவீதமாகக் குறைந்தது. அதுவும் பலருக்குப் பாரம்தான். ஆனால் அந்த மதிப்பு கட்டணத்தை மட்டும் தீர்மானிப்பதில்லை. தோற்றால் எங்கே மேல்முறையீடு செய்வது என்பதும் அதில்தான் இருக்கிறது.

முன்சீப் கோர்ட் தீர்ப்பு என்றால் முதல் மேல்முறையீடு மாவட்டத்துக்குள்ளேயே முடியும். மாவட்ட நீதிமன்றமே விசாரித்த வழக்கு என்றால் உயர் நீதிமன்றம் போக வேண்டும். சார்பு நீதிமன்றத் தீர்ப்புக்கு வழக்கின் மதிப்புதான் வழிகாட்டும். 2004 ஜூலை வரை உயர் நீதிமன்றம் என்றால் குமரி மாவட்டத்துக்காரருக்குச் சென்னைப் பயணம். மதுரைக் கிளை வந்த பிறகும் நாகர்கோவிலிலிருந்து சுமார் 240 கிலோமீட்டர்.

கெடுவும் வேறு. மாவட்ட நீதிமன்றத்தில் மேல்முறையீட்டுக்கு 30 நாள், உயர் நீதிமன்றத்தில் 90 நாள். 90 என்று நம்பி இருந்தவருக்கு உண்மையில் 30 நாள்தான் என்றால், தாமதத்தை மன்னிக்கச் சொல்லித் தனி மனு போட வேண்டும். மன்னிப்பதும் மறுப்பதும் நீதிமன்றத்தின் விருப்பம்.

“மதிப்புத் தப்பு, தப்பான கோர்ட் கேட்டுவிட்டது” என்று பிறகு சொல்லித் தப்பிக்க முடியுமா? பீகாரின் முங்கேரில் நிலம் கேட்டவர்கள் வழக்கை 2,950 ரூபாய்க்கு மதிப்பிட்டார்கள். சார்பு நீதிமன்றத்தில் தோற்றார்கள். மாவட்ட நீதிமன்றத்திலும் தோற்றார்கள். பாட்னா உயர் நீதிமன்றத்தில் சரியான மதிப்பு 9,980 ரூபாய் என்று தெரியவந்தது. “அப்படியானால் எங்கள் முதல் மேல்முறையீடே உயர் நீதிமன்றத்துக்கு வந்திருக்க வேண்டும், மறுபடி கேளுங்கள்” என்றார்கள். கிரண் சிங் வழக்கு எனப்படும் இதில் 1954-ல் உச்ச நீதிமன்றம் மறுத்துவிட்டது. தீர்ப்பை எழுதியவர் தமிழரான நீதிபதி டி.எல். வெங்கடராம அய்யர். மதிப்புப் பிழையால் தீர்ப்பின் நியாயமே கெட்டது என்று காட்டினால் ஒழிய, அதை மட்டும் சொல்லித் தீர்ப்பைக் கலைக்க முடியாது என்பதே அதன் சாரம். மதிப்பைக் குறைத்து எழுதியவரே அந்தக் குறையைக் காட்டி இரண்டாம் வாய்ப்புக் கேட்பது எடுபடவில்லை.

எதிர்த் தரப்பில் இருப்பவருக்கும் இதில் பாடம் உண்டு. மதிப்பில் ஆட்சேபம் இருந்தால் எழுவினாக்கள் வனையும்போதோ அதற்கு முன்போ சொல்லிவிட வேண்டும். தோற்ற பிறகு நினைவுக்கு வந்தால் பெரும்பாலும் பயனில்லை.

வரம்புத் தொகைகளைச் சட்டத் திருத்தங்கள் அவ்வப்போது உயர்த்துகின்றன. ஆகவே சித்தப்பாவின் பழைய வழக்கை வைத்துக் கணக்குப் போடாதீர்கள். வழக்கில் கையெழுத்துப் போடும் முன் வக்கீலிடம் மூன்று கேள்வி கேளுங்கள்: இந்த மதிப்புக்கு எந்த கோர்ட்? தோற்றால் எங்கே போக வேண்டும்? எத்தனை நாளுக்குள்? பதிலை வழக்குக் கட்டின் மேலட்டையிலேயே குறித்து வையுங்கள்.