சின்னத்திரையும் சேப்பாக்கத்துக் கைதட்டலும்

ஆட்டக்களத்தில் ஆடுவோர் சிலர். அரங்கில் அமர்ந்து காண்போர் பல்லாயிரவர். இல்லத்திலும் தேநீர்க் கடையிலும் தொலைக்காட்சி வழியே காண்போரோ பல கோடியினர். இவர்களுள் இடையில் நிற்கும் அரங்க ரசிகரின் பொறுப்பை நாம் எண்ணிப் பார்ப்பதில்லை. தொலைக்காட்சி பந்தை மட்டுமா காட்டுகிறது? ரசிகரின் முகத்தையும் காட்டுகிறது. அம்முகங்களைக் கண்டே தொலைவில் இருப்போரும் மகிழ்கின்றனர், சினம் கொள்கின்றனர்.

ரசிகரற்ற ஆட்டம் எத்தகையது என்பதைப் பெருந்தொற்றுக் காலம் உணர்த்தியது. 2020-இல் ஐக்கிய அரபு அமீரகத்தில் ஐ.பி.எல். போட்டிகள் வெற்று அரங்குகளில் நடந்தபோது, முன்பே பதிவு செய்த ஆரவாரத்தைச் சேர்த்து ஒளிபரப்பினர்.

ஆரவாரம் வேண்டும், ஆனால் அது எத்தகையதாக இருத்தல் வேண்டும்? 1996 மார்ச் 13 அன்று கொல்கத்தா ஈடன் தோட்டத்தில் உலகக் கோப்பை அரையிறுதி நடைபெற்றது. இலங்கைக்கு எதிராக இந்தியா 8 விக்கெட்டுகளை இழந்து 120 ஓட்டங்களுடன் தத்தளித்தபோது, புட்டிகள் பறந்தன. இருக்கைகளில் தீ மூண்டது. ஆட்டம் கைவிடப்பட்டு, வெற்றி இலங்கைக்கு வழங்கப்பட்டது. அன்று உலகம் கண்டது ரசிகரின் சினத்தையே.

மூன்றாண்டுகளுக்குப் பின் சென்னை வேறொன்றைக் காட்டியது. 1999 ஜனவரி 31. அப்போது கல்லூரி மாணவனாக இருந்த நான், கும்மிடிப்பூண்டித் தொழிற்பேட்டையருகே ஒரு தேநீர்க் கடையில், முறைவேலை முடித்து வந்த தொழிலாளர் நடுவே நின்று அந்த ஆட்டத்தைக் கண்டேன். பாகிஸ்தானுக்கு எதிரான டெஸ்ட் போட்டி. வெற்றி இலக்கு 271. முதுகுவலியோடு போராடிய சச்சின் 136 ஓட்டங்கள் எடுத்து ஆட்டமிழந்தபோது, தேவைப்பட்டவை 17 ஓட்டங்களே. எஞ்சிய மூன்று விக்கெட்டுகளும் விரைவில் வீழ்ந்தன. 12 ஓட்டங்களில் தோற்றோம்.

அனைவரையும் போல் எனக்கும் நெஞ்சு கனத்தது. ஆயினும் என் பெயரை அறிந்த சிலரின் பார்வை என் முகத்தின்மேல் படுவதாக உணர்ந்தேன். என் வருத்தத்தையும் மெய்ப்பிக்க வேண்டுமோ என்ற கூச்சத்தில் தலைகுனிந்து நின்றேன்.

அப்போது சின்னத்திரையில் அக்காட்சி தோன்றியது. சேப்பாக்கத்து மக்கள் எழுந்து நின்று, வென்ற அணியினரைக் கைதட்டிப் போற்றினர். வாசிம் அக்ரமின் அணியினர் களத்தைச் சுற்றி வந்து அவ்வன்பை ஏற்றனர். கடையில் ஒரு முதிய தொழிலாளி மெல்லக் கைதட்டினார், பிறரும் தட்டினர், நானும் தட்டினேன். எவரும் என்னைத் திரும்பிப் பார்க்கவில்லை.

இது நமக்குப் புதிய பண்பன்று. வெண்ணிப் போரில் வென்ற கரிகாலனை நோக்கியே, தோற்றுப் புண்நாணி வடக்கிருந்தவன் நின்னினும் மேலானவன் எனத் துணிந்து கூறிய வெண்ணிக்குயத்தியாரைப் புறநானூறு நமக்குக் காட்டுகிறது. வெற்றி தோல்விக்கு அப்பால் தகுதியைப் போற்றிய மரபு அது.

தன் அணியின் தோல்விக்கு வருந்துவதும் மாற்றணியின் திறனைப் போற்றுவதும் ஒரே நெஞ்சில் குடியிருக்கலாம். கைதட்டலைக் கொண்டு ஒருவனது நாட்டுப்பற்றை அளப்பது பேதைமை. மாணவச் செல்வங்களே, நாளை நீங்களும் அரங்கில் அமர்வீர்கள். ஏதோ ஓர் ஊரில், ஏதோ ஒரு தேநீர்க் கடையில், தலைகுனிந்து நிற்கும் ஓர் இளைஞன் உங்களைப் பார்த்துக்கொண்டிருப்பான். அவன் தலைநிமிரும் வண்ணம் கைதட்டுங்கள்.