ஊமைப் படமும் பெயரில்லாச் சிப்பாய்களும்

பழைய பேசாப் படங்களில் பட்டாள அணிவகுப்புகள் ஏன் அவ்வளவு அதிகம் என்று நேயர்கள் யோசித்ததுண்டா? காரணம் வெகு சாதாரணமானது. அந்தக் காலத்துக் காமிரா மூன்று கால் ஸ்டாண்டை விட்டு லேசில் நகராது. நல்ல வெயிலும் வேண்டும். பட்டாளமோ குறித்த நேரத்தில், குறித்த வழியாக, பட்டப்பகலில், தானாகவே காமிராவின் முன் வந்து நடந்து காட்டும். படம் பிடிக்கிறவர்களுக்கு இதைவிட என்ன பாக்கியம் வேண்டும்?

அத்தகைய படங்களுள் நம் தேசத்துக்கு முக்கியமானது, 1911 டிசம்பரில் டில்லியில் ஐந்தாம் ஜார்ஜ் மன்னர் நடத்திய தர்பாரின் படம். சார்லஸ் அர்பன் என்பவரின் கோஷ்டியார் அதைக் 'கினிமாகலர்' முறையில் பிடித்தார்கள். பிலிம் என்னவோ கறுப்பு வெள்ளைதான். மாறி மாறிச் சுழலும் சிவப்பு, பச்சைத் தகடுகளின் வழியாக எடுத்து, அவ்விதமே திரையில் காட்டினால் வர்ணம் தோன்றும். 1912 பிப்ரவரியில் லண்டன் ஸ்காலா தியேட்டரில் வாத்திய முழக்கத்துடன் இப்படம் அரங்கேறிற்று.

இம்முறையில் ஒரு குறை உண்டு. சிவப்புப் படமும் பச்சைப் படமும் ஒரே கணத்தில் எடுக்கப்படுவதில்லை. ஆகையால் அசையாதவை துலக்கமாக விழும். வேகமாக நகர்பவற்றின் ஓரங்களில் வர்ணம் பிசகும். சிம்மாசனத்துக்குச் சௌகரியம், சிப்பாய்க்குத்தான் சங்கடம்!

ஆனால் காலத்தின் வேடிக்கையைப் பாருங்கள். படத்தின் பெரும்பகுதி காணாமற் போயிற்று. 2000-ஆம் வருஷத்தில் ருஷ்யாவின் கிராஸ்னகோர்ஸ்க் நகரத்து ஆவணக் காப்பகத்தில் ஒரு சுருள் அகப்பட்டது. அதில் இருந்தது தர்பார் மண்டபக் காட்சியன்று. பின்னர் நடந்த படை அணிவகுப்பு!

இந்தியச் சிப்பாய்களும் இனி விக்டோரியா கிராஸ் பதக்கம் பெறலாம் என்று அந்தத் தர்பாரில்தான் அறிவித்தார்கள். அதற்குச் சந்தர்ப்பமும் சீக்கிரமே வந்தது. 1914-ல் மகாயுத்தம் மூண்டது. கடல் கடந்து சென்ற இந்தியர் பத்து லட்சத்துக்கு மேல். உயிர் துறந்தவர் சுமார் 74,000 பேர்.

படத்தின் தலைப்பிலேயே ராஜாவும் ராணியும் இருக்கிறார்கள். நடந்து போகும் நம்மவர்களுக்கோ பெயரில்லை. பெயரைப் பிலிம் காப்பாற்றாது, எழுத்துத்தான் காப்பாற்றும்.

குடியரசு தினத்தில் கடற்கரைச் சாலை அணிவகுப்பைப் பார்த்துவிட்டுக் கே.கே. நகருக்குத் திரும்பும் குடும்பத்தில் இன்று ஆளுக்கொரு கைபேசிக் காமிரா இருக்கிறது. படம் பிடிப்பதோடு நில்லாமல், எந்தப் படை, எந்த வருஷம் என்று குறித்து வையுங்கள். வீட்டில் தாத்தா காலத்துப் பட்டாளப் படம் ஏதேனும் இருந்தால், விவரம் அறிந்த பாட்டி இருக்கும்போதே, அதன் பின்புறத்தில் பெயர்களை எழுதிவிடுங்கள்.