நண்டு கட்லெட் உடையாமல், மொறுமொறுப்பாக வர...

நண்டு சமைப்பது பெரிய வேலையில்லை. நண்டு தின்பதுதான் பெரிய வேலை! ஓட்டைக் கடித்து, காலை உறிஞ்சி, சந்தில் இருக்கும் சதையை நோண்டி... பல் உறுதியாக இருப்பவர்களுக்கு அது ஒரு சுகம். வீட்டில் பல் போன மாமியார், மாமனார் இருந்தால் அவர்கள் பாடு? "எனக்கு வேணாம்மா, குழம்பு மட்டும் ஊத்து" என்று சொல்லிவிட்டுப் பேசாமல் சாப்பிட்டு எழுந்துவிடுவார்கள். ஆசை இல்லாமல் அல்ல, கடிக்க முடியாமல்தான். சின்னப் பிள்ளைகளோ ஓடு குத்தும் என்று பயந்து தட்டைத் தள்ளிவிடும். இந்த இரண்டு தரப்புக்கும் ஏற்றது நண்டு கட்லெட்.

ஆனால் செய்து பார்த்த பல சகோதரிகள் ஒரே குறையைச் சொல்கிறார்கள்: "கல்லில் போட்டதுமே உதிர்ந்து போச்சு!" அடுத்த முறை இரண்டு உருளைக்கிழங்கைக் கூடுதலாகப் பிசைந்து சேர்க்கிறார்கள். உடையாது, உண்மைதான். ஆனால் அது நண்டு வாசனை அடிக்கும் உருளைக்கிழங்கு கட்லெட்! உடைவதற்குக் காரணம் மாவு குறைவு அல்ல, தண்ணீர் அதிகம். இதை மனதில் வைத்துக்கொண்டால் போதும். அமெரிக்காவில் செசபீக் விரிகுடாவை ஒட்டிய மேரிலாண்ட் மாநிலம் இந்தப் பலகாரத்துக்குப் பேர் போனது. அங்கேயும் நண்டுச் சதை நிறைய, மாவு கொஞ்சம் என்பதுதான் நல்ல கைப்பக்குவத்துக்கு அடையாளம்.

தண்ணீர்ப் பிரச்னை சந்தையிலேயே தொடங்கிவிடுகிறது. நண்டு வளர வளரப் பழைய ஓட்டைக் கழற்றிவிட்டுப் புது ஓடு போடும். அந்தச் சமயத்தில் உடம்பில் தண்ணீர் ஏற்றிப் பெருத்துக்கொள்ளும். உள்ளே சதை இருக்காது. பார்வைக்குப் பெரிதாக இருக்கும், கையில் தூக்கினால் கனம் இருக்காது. அடிப்பக்கத்து ஓட்டை, கால்கள் ஆரம்பிக்கும் இடத்தருகே விரலால் அழுத்துங்கள். 'மெத்'தென்று உள்ளே போனால் வேண்டாம். கல் மாதிரி இருந்தால் வாங்கலாம். அளவைப் பார்க்காதீர்கள், கனத்தைப் பாருங்கள்.

கடலூர் ஓ.டி. பக்கமும் பரங்கிப்பேட்டையிலும் கிடைக்கும் கடல் நண்டு பெரும்பாலும் ஐஸில்தான் வரும். மூக்கைத் துளைக்கும் நெடி இருந்தாலும், தொட்டதுமே கால்கள் கழன்று வந்தாலும் தொடாதீர்கள். வெள்ளாறும் கொள்ளிடமும் கடலில் சேரும் இடங்களுக்கு நடுவே இருக்கிற பிச்சாவரம் போன்ற கழிமுகப் பகுதிகளில் கிடைப்பது சேற்று நண்டு. இதை உயிரோடு, கொடுக்குகளைக் கட்டித்தான் விற்பார்கள். செத்த சேற்று நண்டைச் சும்மா கொடுத்தாலும் வாங்காதீர்கள். செத்ததும் அதன் வயிற்றில் இருக்கும் செரிமானச் சாறே சதையைக் கரைக்கத் தொடங்கும், கிருமிகளும் சீக்கிரம் பெருகும். உயிருள்ள நண்டை அரைமணி நேரம் ஐஸில் புதைத்து வைத்தால் மரத்துப் போகும். பிறகு கையாளுவது சுலபம், அதற்கும் வேதனை குறைவு.

இன்னொன்று. வயிற்று மடலுக்கு வெளியே மஞ்சளாகவோ கறுப்பாகவோ முட்டைக் கொத்து தொங்கும் சினை நண்டைத் தவிர்த்துவிடுங்கள். ஒரு நண்டு சுமப்பது லட்சக்கணக்கான முட்டை. கட்லெட்டுக்குச் சதைதானே வேண்டும்? வயிற்று மடல் குறுகலாக இருக்கும் ஆண் நண்டில் கொடுக்கு பெரிது, சதையும் அதிகம்.

குழம்புக்குச் செய்வது போலப் பச்சையாக உடைத்துக் கழுவக் கூடாது. சதை தண்ணீரைக் குடித்துவிடும். ஓட்டோடு தேய்த்துக் கழுவி, இட்லிப் பானையில் ஆவியில் வேக வையுங்கள். நடுத்தர அளவுக்கு 15 நிமிடம், பெரிய சேற்று நண்டுக்கு 20 நிமிடம். ஆறிய பிறகு ஓட்டைத் திறந்து, பஞ்சு போன்ற செவுளையும் இரைப்பையையும் எடுத்தெறிந்துவிட்டுச் சதையைப் பிரியுங்கள். கொடுக்கை அம்மிக் குழவியால் லேசாகத் தட்டினால் போதும். சதையைத் தட்டில் பரப்பி, விரல் நுனியால் இரண்டு முறை தடவிப் பாருங்கள். ஓட்டுத் துணுக்கு ஒன்றுகூட இருக்கக் கூடாது. சாப்பிடப் போவது பெரியவர்களும் குழந்தைகளும் அல்லவா? கடைசியாக மெல்லிய துணியில் கட்டி இலேசாகப் பிழியுங்கள்.

1 கிலோ நண்டுக்கு ஏறக்குறைய கால் கிலோ சதைதான் தேறும். அதற்கு வேண்டியவை: சின்ன வெங்காயம் 10, பச்சை மிளகாய் 2, இஞ்சி பூண்டு விழுது 1 டீஸ்பூன், சோம்புத் தூள் அரை டீஸ்பூன், மிளகுத் தூள் 1 டீஸ்பூன், கறிவேப்பிலை, கொத்தமல்லி, சிறிய முட்டை 1, பொட்டுக்கடலை மாவு 2 டேபிள்ஸ்பூன், புரட்ட ரஸ்க் தூள், உப்பு.

வெங்காயம், மிளகாய், கறிவேப்பிலை, விழுது எல்லாவற்றையும் ஈரம் சுண்டும்வரை வதக்கி ஆறவிடுங்கள். பச்சையாகப் போட்டால் அதுவும் தண்ணீர் விடும். பிறகு சதையோடு மற்றவற்றைச் சேர்த்து, அழுத்திப் பிசையாமல் புரட்டிக் கலக்குங்கள். பொட்டுக்கடலை மாவு மிச்ச ஈரத்தை உறிஞ்சிக்கொள்ளும். முட்டை சூட்டில் இறுகிக் கட்டிப் பிடிக்கும். உப்பு கடைசியில்தான். முன்பே போட்டால் நீர் கசியும், நண்டிலும் இயற்கையாக உப்பு உண்டு. எட்டு வடையாகத் தட்டி, ரஸ்க் தூளில் புரட்டி, அரைமணி நேரம் ஃபிரிஜ்ஜில் வைத்து எடுங்கள்.

தோசைக் கல்லில் மூன்று டேபிள்ஸ்பூன் எண்ணெய், மிதமான தீ. கல் நன்றாகக் காய்ந்த பிறகு, இடம் விட்டு நான்கு நான்காகப் போடுங்கள். நெருக்கிப் போட்டால் ஆவியில் ஊறிப் போகும். ஓரம் சிவக்கும்வரை தோசைத் திருப்பியை எடுக்கவே கூடாது! பக்கத்துக்கு மூன்று, நான்கு நிமிடம் ஆகும். எடுத்ததும் ஒன்றன்மேல் ஒன்றாக அடுக்காமல் கம்பித் தட்டில் பரப்புங்கள்.

ஒரு எச்சரிக்கை. நண்டு சிலருக்கு ஒவ்வாது. வேக வைத்தாலும் அந்தக் குணம் போகாது. குழந்தைக்கு முதன்முறை கொடுக்கும்போது ஒரு துளி கொடுத்துப் பாருங்கள். உதடு வீங்கினால், தடிப்பு வந்தால், மூச்சு இரைத்தால் கைவைத்தியம் பார்த்துக்கொண்டிராமல் உடனே ஆஸ்பத்திரிக்குப் போய்விட வேண்டும். யூரிக் அமிலத்தால் மூட்டுவலி உள்ள பெரியவர்களும், சிறுநீரகக் கோளாறு உள்ளவர்களும் டாக்டரைக் கேட்டுக்கொண்டே சாப்பிடட்டும்.

சதை எடுத்த சின்னக் கால்களைத் தூக்கிப் போட்டுவிடாதீர்கள். நசுக்கி, மிளகு சீரகம் தட்டிப் போட்டுக் கொதிக்க விட்டு வடிகட்டினால் அருமையான ரசம். பல் போன பெரியவர்களுக்கு அன்று குழம்பு மட்டும் அல்ல, முழு நண்டு விருந்தே கிடைத்துவிடும்!