மொத்தம் எவ்வளவு?

கந்துவட்டிக்காரன் தெருவுக்குள் நுழைந்தால் நமக்குத் தெரியும். மீட்டர் வட்டி, ராக்கெட் வட்டி, தண்டல் என்று எந்தப் பெயரில் வந்தாலும், குடியைக் கெடுக்க வந்தவன் என்று அடையாளம் கண்டு கொள்கிறோம். அவனைத் தடுக்க 2003-ல் தமிழ்நாட்டில் தனிச் சட்டமே வந்தது. ஆனால், குளுகுளு அறையில் நாற்காலி போட்டு உட்கார வைத்து, "வருடத்துக்கு நூற்றுக்கு ஒன்பதுதான் சார்" என்று புன்னகையோடு சொல்லப்படும் வட்டியை நாம் வட்டியாகவே நினைப்பதில்லை. "மாதம் எவ்வளவு கட்ட வேண்டும்?" என்று ஒரே ஒரு கேள்வி கேட்கிறோம். பதில் சம்பளத்துக்குள் அடங்கி விட்டால், காட்டிய இடத்தில் எல்லாம் கையெழுத்துப் போடுகிறோம்.

அந்த ஒரே ஒரு கேள்வியோடு நிற்பது தவறு. இதைச் சொல்லத்தான் இன்று எழுதுகிறேன்.

வீடு வாங்காதீர்கள் என்று சொல்ல வரவில்லை. சொந்த வீடு வேண்டும் என்று தொழிலாளி ஆசைப்படுவது பேராசையா? இல்லை. வாடகை வீட்டில் தண்ணீருக்கும் விளக்குக்கும் வீட்டுக்காரர் முகத்தைப் பார்த்துப் பார்த்து வாழ்ந்தவனுக்கு, ஓட்டு வீடானாலும் தன் வீடு என்பது மானத்தோடு சம்பந்தப்பட்ட விஷயம். அந்த மானத்தை என்ன விலை கொடுத்து வாங்குகிறோம் என்று தெரிந்து கொண்டு வாங்க வேண்டும். அவ்வளவுதான்.

அம்பத்தூர் ஆலை ஒன்றில் வேலை செய்யும் தோழர் ஒருவர் இருக்கிறார் என்று வைத்துக் கொள்வோம். வயது 38. சேமிப்பையும் மனைவியின் நகையையும் சேர்த்து முன்பணம் கட்டி விட்டார். பாக்கி 20,00,000 ரூபாய்க்குப் பாங்கியில் வீட்டுக்கடன். வட்டி 9 சதவிகிதம். காலம் 20 ஆண்டு. நம் ஊர்ப் பேச்சில் சொன்னால் முக்கால் வட்டி. நூறு ரூபாய்க்கு மாதம் 75 காசு. இதைவிடக் குறைந்த வட்டிக்கு அவருக்கு யார் கொடுப்பார்? உண்மைதான். வட்டி விகிதம் சிறியது. காலம்தான் நீளமானது. சிறிய வட்டி நீண்ட காலத்தோடு கூட்டுச் சேர்ந்தால் என்ன செய்யும் என்று பாருங்கள்.

அவர் கட்ட வேண்டிய மாதத் தவணை 17,995 ரூபாய். 240 மாதம் கட்டி முடிக்கும்போது கொடுத்திருப்பது சுமார் 43,19,000 ரூபாய். கடன் 20 லட்சம். வட்டி 23 லட்சத்துக்கு மேல்! ஒரு வீட்டுக்குக் கடன் வாங்கினார். வாங்கிய கடனுக்கு மேலான பணத்தை வட்டியாகவே கொடுத்தார்.

"மாதா மாதம்தான் கட்டுகிறோமே, அசல் குறையாதா?" என்று கேட்பீர்கள். குறையும். எப்படிக் குறைகிறது என்பதில்தான் சூட்சுமம் இருக்கிறது.

முதல் மாதக் கணக்கை ஒரு துண்டுக் காகிதத்தில் போட்டுப் பாருங்கள். 20 லட்சத்துக்கு நூற்றுக்கு 9 என்றால் ஆண்டு வட்டி 1,80,000. மாதத்துக்கு 15,000. தவணை 17,995. அதில் 15,000 வட்டிக்குப் போய் விட்டது. அசலில் கழிந்தது 2,995 ரூபாய்தான். அடுத்த மாதம் அந்த 2,995 ரூபாய்க்கான வட்டி குறையும், எவ்வளவு? 22 ரூபாய்! இப்படித்தான் ஆமை நடையில் அசல் இறங்குகிறது.

ஐந்தாண்டு முடிகிறது. தோழர் கட்டியிருப்பது 10,79,700 ரூபாய். பாதிக் கடன் தீர்ந்திருக்கும் என்று எண்ணிப் பாங்கிக்குப் போய்க் கேட்கிறார். பாக்கி 17,74,000 என்கிறார்கள். ஏமாற்றி விட்டார்கள் என்று நினைக்கிறார். யாரும் ஏமாற்றவில்லை, கணக்கே அப்படி. கட்டியதில் எட்டரை லட்சம் வட்டி. அசலில் குறைந்தது இரண்டே கால் லட்சம். பாதி அசல் தீர எத்தனை ஆண்டு ஆகும் தெரியுமா? 14 ஆண்டு! 38 வயதில் கடன் வாங்கியவர் 52 வயதில்தான் பாதிக் கிணறு தாண்டுகிறார்.

"வாடகை கொடுத்தால் அது திரும்பி வராது, தவணை கட்டினால் வீடு மிஞ்சும்" என்பார்கள். கடைசியில் வீடு மிஞ்சுவது மெய்தான். ஆனால் முதல் ஐந்தாண்டில் அவர் கட்டிய வட்டியை 60 மாதத்துக்குப் பங்கிட்டால் மாதம் 14,000 ரூபாய்க்கு மேல் வருகிறது. அந்தப் பணமும் திரும்பி வராது. அதுவும் ஒரு வாடகைதான். வீட்டுக்காரருக்குக் கொடுத்ததைப் பாங்கிக்குக் கொடுத்தார். "வரியில் சலுகை உண்டே" என்றும் சொல்வார்கள். வருமான வரியே கட்ட வேண்டாத சம்பளக்காரனுக்கு வரிச் சலுகையால் என்ன லாபம்?

இனிக் காலத்தைப் பார்ப்போம். அதே 20 லட்சம், அதே 9 சதவிகிதம். 30 ஆண்டு என்றால் மாதத் தவணை 16,092 ரூபாய். 20 ஆண்டுத் தவணையை விட 1,900 ரூபாய் குறைவு. "பரவாயில்லையே, குறைகிறதே!" என்று மனம் சொல்லும். மொத்த வட்டி எவ்வளவு? சுமார் 37,93,000! மாதம் 1,900 ரூபாய் மிச்சம் பிடிக்கப் போய், பதினான்கே முக்கால் லட்சம் கூடுதலாகக் கொடுக்கிறோம். 15 ஆண்டில் முடித்தால் தவணை 20,285, வட்டி 16,51,000. 10 ஆண்டில் முடித்தால் தவணை 25,335, வட்டி 10,40,000. தவணை குறையக் குறைய, மொத்தம் ஏறுகிறது. ஆகவே "மாதம் எவ்வளவு?" என்று மட்டும் கேட்பவனுக்கு, அதிக விலையுள்ள கடன்தான் மலிவாகத் தெரியும். கடனை விற்பவருக்கு இது நன்றாகத் தெரியும். வாங்குகிற நமக்குத்தான் தெரிவதில்லை.

இது போதாது என்று இன்னொரு வினை இருக்கிறது. வீட்டுக்கடன் வட்டி பெரும்பாலும் மாறும் வட்டி. 2022 மே மாதத் தொடக்கத்தில் ரிசர்வ் பாங்கியின் ரெப்போ விகிதம் 4 சதவிகிதம். 2023 பிப்ரவரியில் அது 6.50 ஆயிற்று. பத்தே மாதத்தில் இரண்டரை சதவிகித ஏற்றம்! அதற்குச் சற்று முன்பு 7 சதவிகிதத்தில் 20 லட்சம் வாங்கியவர் நிலை என்ன? அவருடைய தவணை 15,506. கணக்கு எளிதாக இருக்க, ஓராண்டு கட்டியபின் வட்டி ஒரே அடியாக 9½ ஆனதாக வைத்துக் கொள்வோம். அப்போது பாக்கி 19,52,000 சொச்சம். ஒரு மாத வட்டி 15,457 ரூபாய். கட்டும் தவணையில் அசலுக்குப் போவது எவ்வளவு? 49 ரூபாய்!

49 ரூபாய், தோழர்களே! குடும்பத்தோடு ஒரு வேளை தேநீர் குடிக்கக் காணாது. தவணையை உயர்த்தாமல் அப்படியே விட்டால் அந்தக் கடன் தீர 60 ஆண்டு ஆகும். பழைய காலத்துக்குள் தீர வேண்டுமென்றால் மாதம் 18,525 கட்ட வேண்டும். கூடுதலாக 3,000 ரூபாய். இது தெரியாமல், "தவணை மாறவில்லை, ஆகவே எனக்கு ஒன்றும் ஆகவில்லை" என்று இருப்பவர் உண்டு. தவணை மாறாமல் இருக்கக் காலம் நீண்டிருக்கிறது. வேலையிலிருந்து ஓய்வு பெற்ற பிறகும் தவணை நிற்காது. சம்பளம் நின்ற வீட்டில் தவணை மட்டும் நடந்தால், பென்ஷன், பி.எப்., கிராஜுவிட்டி எல்லாம் எங்கே போகும் என்று நான் சொல்ல வேண்டியதில்லை.

தவறினால் என்ன? 90 நாளுக்கு மேல் பாக்கி நின்றால் வாராக் கடன் என்று எழுதுகிறார்கள். 2002-ம் ஆண்டு வந்த சர்ஃபாசி சட்டப்படி 60 நாள் நோட்டீஸ். அதற்குள் கட்டாவிட்டால், சிவில் கோர்ட்டில் வழக்குப் போடாமலேயே வீட்டைக் கைப்பற்றி ஏலம் விடலாம். இந்தப் பயம் வீட்டோடு நிற்பதில்லை. ஆலை வாசலுக்கும் வருகிறது. போனஸ் கேட்டு வேலை நிறுத்தம் என்று சங்கம் முடிவெடுக்கிறது. கை உயர்த்த வேண்டிய தோழர் ஐந்தாம் தேதித் தவணையை நினைத்துக் கையைக் கீழே போட்டுக் கொள்கிறார். அவரைக் கோழை என்று ஏசிப் பயனில்லை. அவர் தோளில் 240 மாதச் சுமை இருக்கிறது. ஆகவேதான் இது ஒருவருடைய சொந்தக் கணக்கு மட்டும் அல்ல, சங்கத்தின் கணக்கும் கூட என்கிறேன்.

சரி, என்ன செய்யலாம்?

முதலாவது, கையெழுத்துக்கு முன் விவரத் தாளைக் கேளுங்கள். வட்டி, கட்டணங்கள் எல்லாம் சேர்ந்த ஆண்டு விகிதம், தவணை அட்டவணை இவற்றை ஒரே தாளில் எழுதி, கடன் வாங்குபவருக்குப் புரியும் பாஷையில் தர வேண்டும் என்பது ரிசர்வ் பாங்கியின் உத்தரவு. 2024 அக்டோபர் 1 முதல் அது அமலுக்கு வந்தது. அதைப் படித்து முடிவு செய்யக் குறைந்தது மூன்று வேலை நாள் அவகாசமும் உண்டு. தமிழில் கேட்பது நமது உரிமை. வீட்டுக்கு எடுத்துச் சென்று, படித்த பிள்ளையை உட்கார வைத்து, மொத்தத்தைக் கூட்டச் சொல்லுங்கள்.

இரண்டாவது, அரை சதவிகிதம் தானே என்று அலட்சியம் வேண்டாம். 9-க்குப் பதில் 8½ கிடைத்தால் 20 லட்சத்துக்கு 20 ஆண்டில் 1,53,000 ரூபாய் மிச்சம். நாலு இடம் ஏறி இறங்க ஒரு நாள் சம்பளம் போனால் போகட்டும்.

மூன்றாவது, கடனோடு கடனாக இன்ஷூரன்ஸ் பணத்தையும் சேர்த்து விடுகிறார்களா என்று பாருங்கள். 60,000 ரூபாய் அப்படிச் சேர்ந்தால், 9 சதவிகிதத்தில் 20 ஆண்டு கழித்து அது 1,29,000 ரூபாயாக நிற்கும். இன்ஷூரன்ஸ் வேண்டியதுதான், குடும்பத்துக்குக் காப்பு. அதைக் கடனில் சேர்க்காமல் தனியாகக் கட்ட முடியுமா என்று கேளுங்கள்.

நான்காவது, ஆண்டுக்கு ஒரு தவணை அதிகம் கட்டுங்கள். போனஸ் வரும் மாதத்தில் கட்டலாம். நம் அம்பத்தூர்த் தோழர் அப்படிச் செய்தால், கடன் சுமார் 40 மாதம் முன்னதாகத் தீரும். 4,60,000 ரூபாய் மிஞ்சும். மாறும் வட்டியில் தனி மனிதர் வாங்கிய வீட்டுக்கடனை முன்கூட்டி அடைத்தால் அபராதம் வாங்கக் கூடாது என்று 2012-லேயே ரிசர்வ் பாங்கி பாங்கிகளைத் தடுத்தது. ஆனால் கையில் அவசரத்துக்கு நாலு மாதச் செலவுப் பணம் வைத்துக் கொண்டு மிச்சத்தைக் கட்டுங்கள். இருப்பதை எல்லாம் பாங்கியில் கட்டி விட்டு, ஆஸ்பத்திரிச் செலவுக்குக் கந்துவட்டிக்காரனிடம் போய் நிற்காதீர்கள்.

ஐந்தாவது, ஏற்கெனவே கட்டிக் கொண்டிருப்பவர்கள் இன்றே கணக்குத் தாளை வாங்கிப் பாருங்கள். இதுவரை அசல் எவ்வளவு, வட்டி எவ்வளவு, இன்னும் எத்தனை தவணை என்று மூன்று மாதத்துக்கு ஒரு முறை தெரிவிக்க வேண்டும் என்று 2023 ஆகஸ்டில் உத்தரவு வந்தது. வட்டி ஏறும்போது தவணையைக் கூட்டுவதா, காலத்தை நீட்டுவதா என்று கடன்காரரைக் கேட்க வேண்டும் என்றும் அதில் இருக்கிறது. 2025-ல் ரெப்போ விகிதம் 6.50-லிருந்து டிசம்பருக்குள் 5.25-க்கு இறங்கியது. அந்த இறக்கம் உங்கள் கணக்கில் இறங்கியதா? 2019 அக்டோபருக்கு முன் பாங்கியில் வாங்கிய பழைய கடனானால், புது முறைக்கு மாற்ற முடியுமா என்று நேரில் போய்க் கேளுங்கள். ஏறும்போது ஓடி வரும் வட்டி, இறங்கும்போது நாம் போய் அழைத்தால்தான் வரும்.

இவ்வளவும் தனி மனிதன் செய்யக் கூடியது. சர்க்கார் செய்ய வேண்டியதும் இருக்கிறது. தமிழ்நாட்டில் 1961-ல் வீட்டு வசதி வாரியமும், 1970-ல் குடிசை மாற்று வாரியமும் எதற்காக அமைந்தன? சம்பளக்காரனும் ஏழையும் தாங்கக் கூடிய விலையில் கூரை வேண்டும் என்பதற்காக. தாங்கக் கூடிய வாடகையில் வீடு கிடைத்தால், எவன் 30 ஆண்டுக் கடனுக்கு ஓடுவான்? வீடு கட்டும் வேலையைச் சர்க்கார் குறைத்துக் கொண்டால், தொழிலாளி தன் ஆயுளில் இருபது முப்பது ஆண்டைப் பாங்கியில் அடகு வைத்துத்தான் கூரை தேட வேண்டும். அந்தக் கோரிக்கையை நாம் விட்டு விடக் கூடாது.

அதுவரை சங்கத் தோழர்களுக்கு ஒரு வேண்டுகோள். ஞாயிற்றுக் கிழமை மாலை சங்கக் காரியாலயத்தில் ஒரு கரும்பலகை போடுங்கள். கடன் வாங்கப் போகிறவரும், கட்டிக் கொண்டிருப்பவரும் தாளோடு வரட்டும். கணக்குத் தெரிந்த ஒரு தோழர் போதும். வெட்கப்பட இதில் ஒன்றுமில்லை. கூலிக் கணக்கில் ஒரு ரூபாய் குறைந்தால் மானேஜர் அறைக்குப் போய்க் கேட்கிற நாம், 23 லட்ச ரூபாய்க்கு ஏன் கேள்வி கேட்கக் கூடாது?

அடுத்த முறை அந்தக் குளுகுளு அறையில் உட்காரும்போது, மாதம் எவ்வளவு என்று அவர்கள் சொல்லி முடிக்கட்டும். பிறகு பேனாவை மேஜை மேல் வைத்து விட்டு, நிதானமாகக் கேளுங்கள்: "மொத்தம் எவ்வளவு?"