கைக்கு வராத ஆணைக்குக் கெடு ஓடலாமா?



திவால் சட்டத்தைப் பற்றிப் பேச்சு வந்தாலே வங்கிகளுக்கு எவ்வளவு பணம் திரும்பியது என்பதுதான் பேசப்படுகிறது. நொடித்துப்போன நிறுவனத்துக்குச் சரக்கு கொடுத்துவிட்டுக் காத்திருக்கும் சிறு தொழிற்கூடக்காரர், பாதகமான ஆணை வந்தால் எங்கே போய் முறையிடுவார் என்று யாரும் கேட்பதில்லை.

2016ஆம் ஆண்டுத் திவால் சட்டத்தின் 61ஆம் பிரிவு, தேசிய நிறுவனச் சட்டத் தீர்ப்பாயத்தின் ஆணையை எதிர்த்து மேல்முறையீடு செய்ய 30 நாள் தருகிறது. தக்க காரணம் காட்டினால் இன்னும் 15 நாள். 46ஆம் நாள் போய் நின்றால் எந்தக் காரணமும் எடுபடாது. இந்தக் கண்டிப்பை நான் குறை சொல்லவில்லை. வாய்தா வாங்கியே ஆண்டுகளைக் கடத்தும் வழக்காளிகளுக்கு இது வேண்டியதுதான். கெடு எந்த நாளில் தொடங்குகிறது என்பதில்தான் என் ஆட்சேபம்.

திருச்சிக் கொதிகலன் நிறுவனம் ஒன்றின் வழக்கில், இந்தத் தீர்ப்பாயத்தின் சென்னை அமர்வு 2019 டிசம்பர் 31 அன்று ஆணையை அறிவித்தது. அது இணையதளத்தில் ஏறியது 2020 மார்ச்சில். அதற்குள் 45 நாளும் தீர்ந்துவிட்டது. உச்ச நீதிமன்றம் 2021 அக்டோபரில், திறந்த மன்றத்தில் ஆணை அறிவிக்கப்பட்ட நாளிலிருந்தே கெடு ஓடும் என்றது. தீர்ப்பாயம் தரும் இலவச நகல் வரட்டும் என்று காத்திருக்கக் கூடாது, உடனே நகல் மனு போட்டிருந்தால் நகல் தயாராகும் நாட்கள் கழிக்கப்பட்டிருக்கும் என்றும் சொன்னது. மேல்முறையீடு தள்ளுபடியானது. அதைத் தாக்கல் செய்தவர் அந்த நிறுவனத்தைக் கலைக்கும் பொறுப்பிலிருந்த, இந்தச் சட்டத்தையே தொழிலாகக் கொண்ட கலைப்பாளர். அவருக்கே இந்தக் கதி என்றால், திருச்சியை அடுத்த துவாக்குடியில் லேத் பட்டறை வைத்திருப்பவர் எம்மாத்திரம்?

இதே தீர்ப்பாயம் நிறுவனங்கள் சட்டத்தின்கீழ் ஆணையிட்டால், ஆணையின் நகல் கிடைத்த நாளிலிருந்துதான் 45 நாள் கணக்கு. 2013ஆம் ஆண்டுச் சட்டத்தின் 421ஆம் பிரிவு அப்படித்தான் சொல்கிறது. திவால் வழக்கு என்றதும் அந்த நியாயம் ஏன் மறைய வேண்டும்?

சரக்கு கொடுத்தவர்களுக்கு வேறு வழிகளும் குறைவு. நிறுவனத்தின் கதியை முடிவு செய்யும் கடன் கொடுத்தோர் குழுவில் பொதுவாக அவர்களுக்கு ஓட்டு கிடையாது. மொத்தக் கடனில் அவர்கள் பங்கு 10 சதவீதத்தைத் தொடாவிட்டால் கூட்டத்தில் உட்காரவும் அழைப்பு இல்லை. நிறுவனத்தை மீட்பதற்கான தீர்வுத் திட்டம் தீர்ப்பாயத்தின் ஒப்புதல் பெற்றுவிட்டால், அதில் இடம்பெறாத பாக்கி அத்தோடு அழிந்துபோகும். அந்த ஒப்புதலை எதிர்ப்பதற்கும் சட்டம் ஐந்தே காரணங்களைத்தான் அனுமதிக்கிறது. குழுவின் வணிக முடிவு சரியா தவறா என்பதற்குள் தீர்ப்பாயம் நுழையாது. எஞ்சியிருப்பது இந்த ஒற்றை மேல்முறையீடு. அதிலுமா ஆணையைப் படிக்காமலே நாள் கழிய வேண்டும்? ஆணையிலுள்ள காரணங்களைப் படிக்காமல் எந்த வழக்கறிஞரும் மேல்முறையீட்டு மனு எழுத முடியாது.

விரைவு வேண்டும் என்பதே பதிலென்றால், அந்த விரைவு தீர்ப்பாயத்தின் பதிவகத்துக்கும் பொருந்த வேண்டும். 45 நாள் உச்சவரம்பு அப்படியே இருக்கட்டும். ஆணையை அறிவித்த சில நாட்களுக்குள் இணையத்தில் ஏற்றுவதைத் தீர்ப்பாயத்தின் கடமையாக்கி, ஏற்றிய நாளிலிருந்து கெடு தொடங்கும் வகையில் 61ஆம் பிரிவை நாடாளுமன்றம் திருத்த வேண்டும். நம் தொகுதி உறுப்பினர்களும் சிறுதொழில் சங்கங்களும் இதை பெருநிறுவன விவகார அமைச்சகத்திடம் வற்புறுத்த வேண்டும்.

இப்படிக்கு,
சிறுதொழில் கணக்காளர் ஒருவர்,
திருச்சி