பெயரெண் சோதிடமும் நம் மௌனமும்

பெயரெண் சோதிடம், ஊர் வழக்கில் 'நியூமராலஜி', குறித்து ஆய்வாளர் வட்டத்தில் ஒரு சமாதானம் புழங்குகிறது. அதை மூடநம்பிக்கை என்று தள்ளுவது மேட்டிமையாம். ஆஸ்டின் விளக்கிய நிகழ்த்துக்கூற்றைப் போல அதுவும் உலகை மாற்றுகிறதாம். எழுத்தைக் கூட்டிக்கொண்டவர் தன்னம்பிக்கையோடு நடக்கிறாராம். ஆகவே அது ஒருவகையில் மெய்யாம். மானுடவியலார் இதைச் சொன்னால் பொறுத்துக்கொள்ளலாம். மொழியியல் பயின்றவர்களே சொல்லும்போது எனக்குப் பொறுமை போய்விடுகிறது.

முதலில் அந்த அட்டவணையைப் பார்ப்போம். நம்மூரில் பெரிதும் வழங்குவது 'கல்தேய முறை' எனப்படுவது. ஆங்கில எழுத்துகளில் ஏ, ஐ, ஜே, க்யூ, ஒய் ஆகியவற்றுக்கு 1. பி, கே, ஆர் மூன்றுக்கும் 2. சி, ஜி, எல், எஸ் நான்குக்கும் 3. இப்படியே 8 வரை போகும். 9 எந்த எழுத்துக்கும் இல்லை. அது புனித எண் என்பதால் விலக்கப்பட்டது என்பார்கள். இம்முறையைப் பரப்பியவர்களில் முதன்மையானவர் கீரோ என்ற புனைபெயரில் உலவிய அயர்லாந்துக்காரர் வில்லியம் ஜான் வார்னர் (1866–1936).

கல்தேயத்துக்கும் இந்த அட்டவணைக்கும் என்ன உறவு? பாபிலோனியரின் கணிதம் 60ஐ அடியாகக் கொண்டது, ஆப்பெழுத்தில் எழுதப்பட்டது. இந்த அட்டவணையோ வேறோர் இடத்தைக் காட்டுகிறது. எபிரேய நெடுங்கணக்கில் ஒவ்வோர் எழுத்தும் ஓர் எண்ணையும் குறிக்கும்: அலெஃப் 1, பேத் 2, கிமெல் 3, தாலெத் 4, ஹே 5, வாவ் 6, ஸயின் 7. அடுத்த அடுக்கில் யோத் 10, காஃப் 20, லாமெத் 30, மேம் 40, நூன் 50. அதற்கு மேல் அயின் 70, பே 80, கோஃப் 100, ரேஷ் 200, ஷின் 300, தாவ் 400. சுழிகளை நீக்கிவிட்டு ஐ, கே, எல், எம், என், ஓ, பி, க்யூ, ஆர், எஸ், டி என்ற வரிசைக்கு எதிரே வைத்துப் பாருங்கள். எக்ஸ் போன்ற ஓரிரு விலக்குகள் தவிர அட்டவணை அப்படியே வந்துவிடும். 9இன் புனிதமும் இங்கேயே கலைகிறது. எபிரேயத்தில் 9க்குரிய எழுத்து தேத், 90க்குரியது த்ஸாதே. இவ்விரண்டுக்கும் நேரான எழுத்து இலத்தீனில் இல்லை. ஒரு நெடுங்கணக்கிலிருந்து இன்னொன்றுக்கு மாறும்போது நேர்ந்த இழப்பு மறைபொருளாகக் கொண்டாடப்படுகிறது. எழுத்து வரலாற்றின் முதற்பருவ மாணவருக்குக் கொடுக்கத்தக்க நல்ல பயிற்சி இது, நாம் கொடுப்பதில்லை.

அடுத்து, கூட்டப்படுவது எது என்பதைக் கவனியுங்கள். 'செல்வி' என்ற பெயரை எடுத்துக்கொள்வோம். எஸ்ஸில் தொடங்கி எழுதினால் 3, 5, 3, 6, 1, மொத்தம் 18. கீரோவின் மரபில் இது தீய எண். சி, ஹெச் என்று தொடங்கினால் 23. அது அரச யோகம் தரும் எண்களுள் ஒன்று! மொழி முதல் சகரத்தை உரசொலியாகவும் தடையுரசொலியாகவும் ஒலிப்பது தமிழில் பொருள் வேறுபாடு தராத மாற்றொலி வழக்கு. செல்வநாயகம் என்ற பெயரை யாழ்ப்பாணத்தில் சி, ஹெச் இட்டு எழுதினார்கள். தமிழகத்தில் எஸ் பெருகியது. ஆக, ஒலிபெயர்ப்புப் பழக்கத்தாலேயே யாழ்ப்பாணத்துச் செல்விகள் எல்லாம் அரச யோகத்தோடு பிறந்தவர்கள் என்றாகிறது. நாம் குடியிருக்கும் தலைநகரின் ஆங்கில எழுத்துக்கோவையைக் கூட்டினாலும் 4, 5, 3, 5, 1 என 18தான் வருகிறது. இந்தி ஒலிப்புப்படி 'தில்லி' என்று எழுதிக் கூட்டினால் 12. அதற்குக் கீரோ சொல்லும் பலன் பலியாடு.

சொல்லையும் பொருளையும் இணைக்கும் காரணம் வெளிப்படையாகத் தோன்றாது என்று தொல்காப்பியர் உரியியலில் சொல்லிச் சென்றார். சொசூர் அதையே இடுகுறித்தன்மை என்று நவீனத் துறையின் அடித்தளமாக்கினார். பெயரெண் சோதிடம் இடுகுறியான பெயரை எடுத்து, அதைவிட இடுகுறியான அயல் எழுத்துக்கோவையில் பொதிந்து, அந்தப் பொதியை எடைபோட்டு ஊழ் கணிக்கிறது.

எழுத்தை எண்ணாக்குவதே இழிவு என்று நான் சொல்லவில்லை. கடபயாதி முறையை நினைத்துப் பாருங்கள். மேளகர்த்தா இராகங்களில் கல்யாணிக்கு 'மேச' என்ற முன்னொட்டு சேர்ந்தது. ம 5, ச 6, புரட்டினால் 65, அதுவே அதன் எண். சங்கராபரணத்தின் 'தீர' 29 தருகிறது. இங்கும் எண்ணுக்காகத்தான் பெயர் நீண்டது. ஆனால் அது நினைவுக்கான குறியீடு. 65ஆம் மேளத்தைப் பாடினால் வீடு வாங்கலாம் என்று எந்த வித்துவானும் சீடனிடம் கட்டணம் கேட்டதில்லை.

இனி ஆஸ்டின். நிகழ்த்துக்கூற்று பலிப்பதற்கு ஏற்கப்பட்ட மரபு நடைமுறை வேண்டும், அதைச் செய்ய உரிமையுள்ளவர் வேண்டும் என்பது அவருடைய முதல் நிபந்தனை. பெயரை உண்மையில் மாற்றுவது கூட்டுத்தொகையன்று. உறுதிமொழிப் பத்திரம், நாளிதழ் விளம்பரம், பிறகு இங்கே சிவில் லைன்ஸில் இருக்கும் வெளியீட்டுத் துறை வழியாக இந்திய அரசிதழில் ஓர் அறிவிப்பு: மாயம் நிகழ்வது அங்கேதான். அதைச் செய்து முடிக்கப் பணமும் நேரமும் உள்ளவருக்கே அது பலிக்கும். மற்றவர்க்கு நேர்வதைப் பாருங்கள். நான் அறிந்த ஒரு மாணவியின் தந்தை, தொலைக்காட்சியில் தோன்றும் ஒருவரின் சொற்கேட்டு, மகளின் வங்கிக் கணக்கில் மட்டும் ஓர் 'ஏ'யைக் கூட்டினார். பத்தாம் வகுப்புச் சான்றிதழில் அந்த எழுத்து இல்லை. உதவித்தொகை ஏழு மாதம் வரவில்லை. கணினிக்கு யோகமும் தெரியாது, மாற்றொலியும் தெரியாது. இரண்டு எழுத்துச்சரங்கள் ஒன்றா இல்லையா என்பது மட்டுமே தெரியும். உண்மையை மாற்றும் ஆபத்தான கணிதம் எங்கே என்று கேட்பவர்க்கு என் விடை இந்தப் பொருத்தமின்மைப் பிழை. 'தன்னம்பிக்கை தருகிறது' என்று கருத்தரங்கில் பேசுவோர் அந்த ஏழு மாதத்தையும் கணக்கில் சேர்க்கட்டும்.

வசதியுள்ளோர்க்கேனும் பலித்ததா? ஜெயலலிதா 2001இல் ஆங்கிலத்தில் கூடுதலாக ஓர் 'ஏ' சேர்த்தார். அதே ஆண்டு மே மாதம் முதல்வரானார், செப்டம்பரில் உச்ச நீதிமன்றத் தீர்ப்பால் பதவி இழந்தார். எடியூரப்பா 2007இல் எழுத்துக்கோவையை மாற்றினார், 2019இல் பழையதற்கே திரும்பினார். இரண்டு கோவையிலும் முதலமைச்சரானார். இரண்டிலும் பதவிக்காலம் முடியுமுன் விலகினார். தமிழிலும் கன்னடத்திலும் இவர்கள் பெயரில் ஒரு புள்ளிகூட மாறவில்லை என்பதையும் குறித்துக்கொள்ளுங்கள். நம் மொழிகளில் வேலை செய்யாத மந்திரம் இது.

இதில் பல்கலைக்கழகங்களுக்கு என்ன பங்கு என்று கேட்கலாம். 2001இல் பல்கலைக்கழக மானியக் குழு 'ஜோதிர் விஞ்ஞானம்' என்ற பெயரில் சோதிடத்தை அறிவியலாக்கப் புறப்பட்டது. உயிரியலாளர் பி. எம். பார்கவா முதலானோர் எதிர்த்துத் தொடுத்த வழக்கை 2004இல் உச்ச நீதிமன்றம் தள்ளுபடி செய்தது. 2021இல் தில்லி மைதான் கடியில் உள்ள இக்னோ சோதிடத்தில் முதுகலைப் படிப்பே தொடங்கிவிட்டது. அறிவியலார் அப்போதும் இப்போதும் குரல் கொடுத்தனர். பெயர், எழுத்து, ஒலி மூன்றும் நம் துறைக்குரிய பொருள்கள். நாம் வாய் திறக்கவில்லை.

ஆதார் அட்டையில் பெயர் தமிழிலும் இருக்கிறது. பல்கலைக்கழகப் படிவங்களோ ஆங்கிலப் பெருவெழுத்துகளை மட்டுமே கேட்கின்றன. அந்தக் கட்டங்களை நம்பித்தான் இந்தத் தொழிலே நடக்கிறது. தாய்மொழி எழுத்தில் உள்ள பெயரையும் அடையாளச் சான்றாக ஏற்க வேண்டும், ஒலிபெயர்ப்பு வேறுபாட்டை வேறு ஆளாகக் கருதக்கூடாது என்று தில்லியில் உள்ள மொழியியல் துறைகள் சேர்ந்து மானியக் குழுவுக்கு எழுதலாம். வரைவு என்னிடம் இருக்கிறது; கையொப்பமிட விரும்புவோர் உங்கள் பெயரை எந்த எழுத்துக்கோவையிலும் அனுப்பலாம்.