மரிக்கார் ராம்தாஸும் லயத்து வானொலியும்

இலங்கைத் தமிழ்ச் சினிமா பற்றிப் பேசப்படும் போதெல்லாம் 'மரிக்கார்' எஸ்.ராம்தாஸ் நகைச்சுவை நடிகராக மட்டுமே நினைவுகூரப்படுகின்றார். அவர் எழுத்தாளர் என்பது மறக்கப்பட்டு விடுகின்றது. அவர் எழுதிய 'கோமாளிகளின் கும்மாளம்' வானொலித் தொடரே 1976 இல் எஸ்.இராமநாதனின் இயக்கத்தில் 'கோமாளிகள்' என்ற திரைப்படமாகியது.

அவ்வெழுத்தின் சூட்சுமம் பாத்திரப் பங்கீட்டிலேயே இருந்தது. தமிழரான ராம்தாஸ் முஸ்லிம் மரிக்காரானார். முஸ்லிமான பி.எச்.அப்துல் ஹமீட் ஐயரானார். தமிழரான செல்வசேகரன் சிங்கள உபாலியானார். ராஜகோபால் யாழ்ப்பாணத்து அப்புக்குட்டியானார். ஒரு சமூகத்தவரின் பேச்சை மற்றச் சமூகத்தவர் ஏற்றுப் பேச, கேட்டவர்கள் சிரித்தனர். இன்று அதற்குத் துணிபவர் எத்தனை பேர்?

எனினும் ஹற்றன், நுவரெலியா லயங்களிலும் வானொலி ஒலித்தது. அந்த நால்வரில் தோட்டத் தமிழுக்கு மட்டும் இடமிருக்கவில்லை. 1975 இல் தொழிற்சங்கவாதி வி.பி.கணேசனின் 'புதிய காற்று' தோட்டத் தொழிலாளரின் துயரைத் திரைக்குக் கொண்டு வந்தது. அதன் இயக்குநரும் அதே இராமநாதன்தான். ஆக, தோட்டத்தவரின் கண்ணீருக்குக் கிடைத்த இடம் சிரிப்புக்குக் கிடைக்கவில்லை.

இதற்காக ராம்தாஸைக் குறை கூறுவது நியாயமாகாது. கேலி செய்து சிரிக்க முதலில் அயலவனாக ஏற்க வேண்டும். 1948 இன் பிரஜாவுரிமைச் சட்டம் மலையகத்தவரை அந்நியராக்கியிருந்தது. 1964 இன் சிறிமா - சாஸ்திரி ஒப்பந்தத்தின் கீழ் குடும்பங்கள் தலைமன்னார் நோக்கிப் புறப்பட்டுக்கொண்டிருந்த காலம் அது. எஞ்சியோருக்கான பிரஜாவுரிமைச் சட்டம் 2003 இல் தான் வந்தது. அதற்குள் கோமாளிகள் காற்றலையிலிருந்து ஓய்ந்து விட்டனர்.